காலத்தைத் திருப்பிய கருவிகள்: நாழிகை வட்டில் முதல் கால இயந்திரம் வரை

காலத்தை முன்னும் பின்னும் நகர்த்தும் கருவி கதைகளுக்குள் வந்து 150 ஆண்டுகள்கூட ஆகவில்லை. 1881-இல் அமெரிக்க எழுத்தாளர் எட்வர்ட் பேஜ் மிட்செல், பின்னோக்கி ஓடும் கடிகாரம் ஒன்றைப் பற்றிச் சிறுகதை எழுதினார். 1887-இல் ஸ்பெயின் நாட்டு என்ரிக் காஸ்பரின் நாவலில் காலத்தில் பயணிக்கும் ஒரு கலம் வந்தது. 1895-இல் வெளியான எச். ஜி. வெல்ஸின் நாவல்தான் ‘கால இயந்திரம்’ என்ற பெயரையே உலகுக்குத் தந்தது. அதற்கு முந்தைய கதைகளிலும் காலம் வளைந்ததுண்டு. ஆனால் அது தவத்தால் வளைந்தது, சாபத்தால் வளைந்தது, நெடுந்தூக்கத்தால் வளைந்தது. மனிதன் செய்த பொறி ஒன்று அந்த வேலையைச் செய்ததில்லை.

அப்படி ஒரு பொறியைக் கற்பனை செய்ய, காலம் முதலில் வட்டமான ஒரு முகப்புக்குள் அடங்க வேண்டும். அதன் முள்ளை யாரோ ஒருவர் தள்ளி வைக்கலாம், தள்ளி வைத்ததை ஊரே ஏற்கும் என்ற அனுபவமும் வேண்டும். இரண்டும் 19ஆம் நூற்றாண்டில் உலகமெங்கும் நடந்தன. தமிழ்நாட்டில் அது நடந்த விதத்தைப் பார்க்க, இன்றைய திருவண்ணாமலை மாவட்டத்தில் கோரைப்பாய்க்குப் பெயர்பெற்ற வந்தவாசியும் பட்டுக்குப் பெயர்பெற்ற ஆரணியும் நல்ல இடங்கள்.

நாழிகைக் கணக்கு

தமிழரின் நாள் சூரிய உதயத்தில் தொடங்கி அடுத்த உதயத்தில் முடிந்தது. அதில் 60 நாழிகை. ஒரு நாழிகை இன்றைய 24 நிமிடம். நாழிகைக்கு 60 விநாழிகை, ஆக ஒரு விநாழிகை 24 விநாடி. ஏழரை நாழிகை ஒரு சாமம், எட்டுச் சாமம் ஒரு நாள். வைகறை, காலை, நண்பகல், எற்பாடு, மாலை, யாமம் என்ற ஆறு சிறுபொழுதுகளுக்கும் பத்துப் பத்து நாழிகை.

இந்தக் கணக்கு ஏட்டில் மட்டும் இருந்ததல்ல. முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனுக்குப் பொழுதளந்து சொல்லும் நாழிகைக் கணக்கர் வருகிறார்கள். அவர்கள் கையாண்ட நீர்க்கருவிக்குக் கன்னல் என்று பெயர். நாழிகை வட்டில் என்றும் அது வழங்கியது. நீர்க்கடிகாரத்தில் இரண்டு வகை உண்டு. ஒன்றில் கலத்தின் துளை வழியே நீர் சொட்டுச் சொட்டாக வடியும். வடிந்த அளவு நேரத்தைக் காட்டும். மற்றொன்றில் அடியில் நுண்துளையிட்ட செப்புக் கிண்ணத்தைப் பெரிய நீர்ப் பாத்திரத்தில் மிதக்க விடுவார்கள். துளை வழியே நீர் ஏறிக் கிண்ணம் மூழ்கும்போது ஒரு நாழிகை முடியும். கிண்ணத்தை எடுத்து மீண்டும் மிதக்க விட்டு, எத்தனை முறை மூழ்கியது என்று எண்ணிக்கொண்டே இருக்க ஓர் ஆள் வேண்டும். அதனால்தான் அது அரண்மனையிலும் பாசறையிலும் இருந்தது. குடியானவன் வீட்டில் இருக்கவில்லை.

கோயில்கள் சிலவற்றில் நிழற்கடிகாரம் இருந்தது. கும்பகோணத்தை அடுத்த திருவிசநல்லூர் சிவன் கோயில் மதிலில் அரைவட்டமாக அமைந்த நிழற்கடிகாரத்தை இன்றும் பார்க்கலாம். ஆனால் ஊர்மக்களிடம் புழங்கிய முறைக்குக் கல்லும் வேண்டாம், செம்பும் வேண்டாம், ஒரு துரும்பு போதும். பதினாறு விரற்கடை நீளமுள்ள துரும்பை எடுத்து, ஒரு பகுதி தரையில் கிடக்க, மறுபகுதி செங்குத்தாக நிற்க, வெயிலில் மடக்கி வைப்பார்கள். நிற்கும் பகுதியின் நிழல், கிடக்கும் பகுதியின் நுனியைச் சரியாகத் தொடும்வரை மடிப்பை மாற்றிக்கொண்டே வர வேண்டும். தொட்டதும், நிற்கும் பகுதி எத்தனை விரற்கடையோ அத்தனை நாழிகை விடிந்து ஆகிவிட்டது என்று கொள்ளலாம். பிற்பகலில் வைத்துப் பார்த்தால், பொழுது சாய இன்னும் அத்தனை நாழிகை இருக்கிறது என்று பொருள்.

இது வெறும் நம்பிக்கை அல்ல. இரவும் பகலும் சமமாக இருக்கும் நாட்களில் தமிழ்நாட்டில் சூரியன் ஏறக்குறைய நேர்மேலே ஏறுகிறது. உதயத்திலிருந்து மூன்று மணி நேரத்தில் அது 45 பாகை உயரத்தை எட்டும். அப்போது நிழலும் பொருளும் ஒரே நீளம். துரும்பு எட்டுக்கு எட்டாக மடியும். உண்மையில் கழிந்தது ஏழரை நாழிகை. நான்கு மணி நேரம் கழிந்ததும் நிற்கும் பகுதி பத்து விரற்கடைக்கு வரும். அப்போது உண்மைக் கணக்கும் பத்து நாழிகைதான். இந்த இரண்டு வேளையிலும் துரும்பு அரை நாழிகை வித்தியாசத்துக்குள் நேரம் சொன்னது. இரவில் இந்த வேலையை விண்மீன்களும் சாமக்கோழியும் செய்தன.

தறியின் பொழுது

ஆரணியிலும் வந்தவாசியிலும் பிழைப்புக்கு மணிக்கணக்கு தேவைப்படவில்லை. பட்டு நெசவில் பாவு நூலைத் தெருவில் நீள விரித்து, அறுந்த இழைகளை முடிந்து சீர்செய்யும் வேலை விடியற்காலைக்கு உரியது. வெயில் ஏறி இழை காய்ந்து இறுகுவதற்கும், காற்று எழுந்து இழைகள் ஒன்றோடொன்று சிக்குவதற்கும் முன்னால் அதை முடித்துவிட வேண்டும். குழித்தறியில் உட்கார்ந்த பிறகு கண் தெரியும்வரை வேலை. கூலி மணிக்கு அல்ல, புடவைக்கு. ஒரு பாவில் இத்தனை புடவை, அதை இத்தனை நாளில் அறுத்துக் கொடுக்க வேண்டும் என்பதுதான் பேச்சு.

வந்தவாசிக் கோரைப்பாயும் அப்படித்தான். கோரையை அறுத்து, கிழித்து, காயவைத்து, சாயமேற்றி, நனைத்து நெய்யும் ஒவ்வொரு படியையும் வெயிலும் ஈரமும் தீர்மானித்தன. மழை வந்தால் நாள் நீண்டது, வெயில் அடித்தால் சுருங்கியது. நல்ல நாள், நல்ல நேரம் பார்க்க மட்டும் பஞ்சாங்கக்காரர் தேவைப்பட்டார்.

ஒவ்வோர் ஊரின் நேரமும் அந்தந்த ஊருக்கே உரியதாக இருந்தது. பூமி ஒரு பாகை சுழல நான்கு நிமிடம் ஆகிறது. எனவே சென்னையில் உச்சிப்பொழுது ஆனபின் வந்தவாசியில் உச்சிப்பொழுதாக இரண்டரை நிமிடத்துக்குச் சற்று மேல் செல்லும். அங்கிருந்து ஆரணிக்கு மேலும் ஒரு நிமிடத்துக்கு மேல். மாட்டுவண்டியிலும் நடையிலும் ஊர் மாறிய காலத்தில் இந்த வித்தியாசம் யார் கண்ணிலும் படவில்லை.

போர் மாற்றிய வானியல்

1760 ஜனவரி 22 அன்று வந்தவாசிக் கோட்டைக்கு அருகே நடந்த போரில், லாலி தலைமையிலான பிரெஞ்சுப் படையை அயர் கூட் தலைமையிலான ஆங்கிலப் படை தோற்கடித்தது. முந்தைய ஆண்டின் இறுதியில் ஆங்கிலேயர் பிடித்திருந்த கோட்டையை மீட்க லாலி முற்றுகையிட்டிருந்தபோதுதான் கூட் வந்து சேர்ந்தார். பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி சிறைப்பட்டார். ஓராண்டு கழித்து, 1761 ஜனவரியில் புதுச்சேரியும் வீழ்ந்தது. கர்நாடகப் பகுதியில் யார் ஆட்சி என்ற கேள்விக்கு வந்தவாசி விடை சொன்னது. தென்னிந்தியாவின் கடிகாரம் எந்த நகரத்தைப் பார்த்து ஓடும் என்பதும் அந்த விடையோடு சேர்ந்தே முடிவானது.

இதன் முதல் விளைவு ஒரு பிரெஞ்சு வானியலாளரின் தலையில் விழுந்தது. 1761 ஜூன் 6 அன்று வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைப் புதுச்சேரியிலிருந்து பார்க்க கிய்யோம் லெ ஜாந்தி பிரான்சிலிருந்து கிளம்பியிருந்தார். புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது என்ற செய்தி மலபார்க் கரையருகே அவர் கப்பலுக்குக் கிடைத்தது. கரையிறங்க வழியில்லை. ஆடும் கப்பலிலிருந்து பார்த்த காட்சி நுட்பமான அளவுக்குப் பயன்படவில்லை. எட்டாண்டு காத்திருந்து, புதுச்சேரி மீண்டும் பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்தபின், 1769-இன் அடுத்த கடப்பைப் பார்க்க அங்கேயே தங்கினார். அன்று மேகம் மறைத்துவிட்டது.

ஆனால் அந்தக் காத்திருப்பில் வேறொன்று கிடைத்தது. தமிழ்க் கணியர்கள் கிரகணம் கணிக்கும் முறையை லெ ஜாந்தி கற்றுப் பதிவு செய்தார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் நீடித்த நேரத்தைத் தமிழ்க் கணக்கு 41 விநாடி குறைத்துச் சொன்னது. ஐரோப்பாவில் பெயர்பெற்ற டோபியாஸ் மேயரின் அட்டவணை 68 விநாடி கூட்டிச் சொன்னது.

அரை நூற்றாண்டுக்குப் பின், சென்னை வானாய்வகத்தின் பொறுப்பில் சில காலம் இருந்த ஜான் வாரன் ‘கால சங்கலித’ என்ற பெருநூலை 1825-இல் சென்னையில் வெளியிட்டார். தென்னிந்தியப் பஞ்சாங்க முறைகளை விரிவாகத் தொகுத்த நூல் அது. எழுதுகோலும் தாளும் இல்லாமல், தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாக்கியங்களைக் கொண்டே கிரகணம் கணித்த தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் ஒருவரை அதில் வாரன் வருணித்தார். 20ஆம் நூற்றாண்டின் கணித வரலாற்றாசிரியர் ஒட்டோ நியூகெபவர் 1952-இல் எழுதிய ‘தமிழ் வானியல்’ கட்டுரைக்கு இந்தப் பதிவே மூலப்பொருள்.

நுங்கம்பாக்கத்துக் கடிகாரம்

கிழக்கிந்தியக் கம்பெனிக்கு வானியலைவிடக் கப்பல் முக்கியம். சோழமண்டலக் கரையில் துறைமுகங்கள் குறைவு, பாறையும் மணல்திட்டும் அதிகம். கரையின் தீர்க்கரேகை சரியாகத் தெரியாமல் வரைபடம் போட முடியாது. நேரம் சரியாகத் தெரியாமல் தீர்க்கரேகை கிடைக்காது. கம்பெனி அதிகாரி வில்லியம் பெட்ரி 1786-இல் எழும்பூரில் தம் சொந்தச் செலவில் ஒரு வானாய்வகம் வைத்தார். அதைக் கம்பெனி ஏற்று, 1792-இல் நுங்கம்பாக்கத்தில் புதிய கட்டடம் எழுப்பியது. அதைக் கட்டியவர் நிலஅளவையாளர் மைக்கேல் டாப்பிங். கருவியைத் தாங்க நிறுத்திய சுமார் 15 அடி உயரக் கருங்கல் தூண் இன்றும் நுங்கம்பாக்கம் வானிலை ஆய்வு மைய வளாகத்தில் நிற்கிறது. தமிழ், தெலுங்கு உள்ளிட்ட மொழிகளில் அதன் மேல் எழுத்துப் பொறிப்பு உண்டு.

முதல் அரசு வானியலாளரான ஜான் கோல்டிங்காம், வியாழனின் துணைக்கோள்கள் மறையும் நேரங்களைக் குறித்து 1802-இல் சென்னையின் தீர்க்கரேகையைக் கணக்கிட்டார். கிரீன்விச்சைவிடச் சென்னை 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முன்னால் இருக்கிறது என்பது அவர் முடிவு. அதே 1802-இல் பரங்கிமலை அருகே வில்லியம் லாம்டன் அடிக்கோடு அளந்து தொடங்கிய பெரும் நிலஅளவையும் இந்த வானாய்வகத்தின் தீர்க்கரேகையைத்தான் சார்ந்திருந்தது. நாட்டின் வரைபடமும் நேரமும் நுங்கம்பாக்கத்துத் தூணில் தொடங்கின.

வானாய்வகத்தின் கடிகாரத்தைப் பார்த்து ஜார்ஜ் கோட்டையில் இரவு 8 மணிக்குப் பீரங்கி முழங்கும். அந்த ஒலியைக் கேட்டுப் பட்டணத்துக்காரர்கள் தங்கள் கடிகாரங்களைச் சரிசெய்துகொண்டார்கள். பீரங்கி ஒலி வந்தவாசிக்கு எட்டவில்லை. தாலுகா கச்சேரி எட்டியது. வழக்கு இத்தனை மணிக்கு அழைக்கப்படும், கருவூலம் இத்தனை மணிக்குப் பூட்டப்படும், பள்ளிக்கூடம் இத்தனை மணிக்குத் திறக்கும் என்று வந்தபின் நாழிகைக்குப் பக்கத்தில் மணியும் உட்கார்ந்தது. பின்னாளில் பல தமிழ் ஊர்களில் ஆலைச் சங்கும் நகராட்சிச் சங்கும் அந்த வேலையை எடுத்துக்கொண்டன.

இரண்டு பஞ்சாங்கங்கள்

வானாய்வகம் இன்னொரு சச்சரவுக்கும் காரணமாயிற்று. 1861-இல் பொறுப்பேற்ற நார்மன் பாக்சனின் உதவியாளர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி, 1867-இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டறிந்தவர். 1872-இல் லண்டன் ராயல் வானியல் கழகத்தின் உறுப்பினரானார். 1874-இல் வெள்ளி சூரியனைக் கடப்பது குறித்துத் தமிழ் உள்ளிட்ட மொழிகளில் சிறுநூல் எழுதி, அதைப் பார்க்கும் முறையைப் பொதுமக்களுக்கு விளக்கினார்.

தொலைநோக்கியில் தினமும் கோள்களைப் பார்த்தவருக்கு, மரபான வாக்கியப் பஞ்சாங்கம் சொல்லும் இடத்தில் கோள் இல்லை என்பது தெரிந்தது. நூற்றாண்டுகளுக்கு முன் தொகுத்த வாக்கியங்களில் சிறு பிழைகள் ஆண்டுதோறும் சேர்ந்து பெருகியிருந்தன. கண்ணால் பார்த்த நிலையோடு ஒத்துப்போகும் திருக்கணித முறையில் அவர் பஞ்சாங்கம் வெளியிட்டார். திதி எப்போது முடிகிறது என்பதில் இரண்டு பஞ்சாங்கங்களுக்கும் நாழிகைக் கணக்கில் வித்தியாசம் வந்ததால், விரதமும் திவசமும் எந்த நாளில் என்பதிலேயே வழக்கு எழுந்தது.

அந்த வழக்கு இன்னும் தீரவில்லை. 2025 மார்ச் 29-இல் சனிப்பெயர்ச்சி என்று திருக்கணிதம் சொன்னபோது, வாக்கியப் பஞ்சாங்கத்தைப் பின்பற்றும் திருநள்ளாறு கோயில் அதை ஏற்கவில்லை. பெயர்ச்சி 2026-இல்தான் என்று அறிவித்தது. ஒரே கோள் ஒரே ராசிக்குள் நுழையும் நேரம் தமிழரிடையே இரண்டாக இருக்கிறது.

ரயில் கொண்டுவந்த நேரம்

ஊர் ஊருக்கு நேரம் வேறு என்பது முதல்முறையாகத் தொல்லை ஆனது ரயிலால்தான். தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கத்து வாலாஜா ரோடு வரை ஓடியது. மேற்கே போகும் ஒவ்வொரு நிலையத்திலும் உள்ளூர் நேரம் சில விநாடிகள் பின்தங்கிக்கொண்டே போகும். ஒற்றைத் தண்டவாளத்தில் எதிரெதிரே வண்டி விடுபவர்களுக்கு இரண்டு கடிகாரம் இருக்க முடியாது. பட்டணத்து நேரமே பாதை முழுவதற்கும் நேரமாயிற்று.

பாதைகள் நாடெங்கும் இணைந்தபோது கேள்வி பெரிதானது. கல்கத்தாவின் நேரத்துக்கும் பம்பாயின் நேரத்துக்கும் ஏறக்குறைய 1 மணி 2 நிமிட வித்தியாசம். சென்னையின் நேரம் இரண்டுக்கும் நடுவில் இருந்தது. நுட்பமான கடிகாரமும் சென்னையில்தான் இருந்தது. அதனால் 1870 வாக்கில் சென்னை நேரமே இந்திய ரயில்களின் நேரமாகவும் தந்தியின் நேரமாகவும் ஆனது. பெஷாவர் பக்கத்து ரயில் நிலையத்தில்கூட நுங்கம்பாக்கத்து மணி ஓடியது.

எல்லாரும் இதை ஏற்கவில்லை. 1881-இல் பம்பாய் ஆளுநர் ஜேம்ஸ் ஃபெர்குசன் அரசு அலுவலகங்களில் சென்னை நேரத்தைப் புகுத்தினார். நகர மக்கள் மறுத்தார்கள். ஒரே தெருவில் இரண்டு கடிகாரங்கள் வெவ்வேறு மணி காட்டின. 1883-இல் அரசு பின்வாங்கியது. அடுத்த ஆண்டு, 1884 அக்டோபரில், வாஷிங்டனில் கூடிய பன்னாட்டு மாநாடு கிரீன்விச்சை உலகத்தின் முதல் தீர்க்கரேகையாகத் தேர்ந்தது. அதன் பிறகு சென்னையின் 21 நிமிடம் 14 விநாடி என்ற உடைந்த எண் நெடுநாள் நிற்க வழியில்லை. சென்னை வானாய்வகத்தின் வானியல் பணிகளும் 1899-இல் கொடைக்கானலுக்குப் போயின.

1906 ஜனவரி 1 அன்று 82½ பாகைத் தீர்க்கரேகையை வைத்து இந்தியப் பொது நேரம் நடைமுறைக்கு வந்தது. கிரீன்விச்சைவிட 5½ மணி முன்னால் என்ற முழுமையான எண். சென்னைக் கடிகாரங்கள் 8 நிமிடம் 46 விநாடி முன்னே தள்ளப்பட்டன. சென்னையில் பெரிய எதிர்ப்பு எழவில்லை. பம்பாயிலோ ஆலைத் தொழிலாளர்கள் கிளர்ந்தார்கள். 39 நிமிடம் முன்கூட்டியே ஆலைக்குப் போவதென்றால் இருட்டில் எழ வேண்டும் என்பது அவர்கள் குறை. பம்பாய் தன் நேரத்தை 1955 வரை விடவில்லை. கல்கத்தா 1948 வரை.

வந்தவாசியின் கணக்கு இதில் வேடிக்கையானது. இன்றும் அந்த ஊரில் ரயில் நிலையம் கிடையாது. இருந்தும் ரயிலுக்காக வகுத்த நேரத்தில்தான் ஊர் இயங்குகிறது. 82½ பாகைக் கோட்டிலிருந்து வந்தவாசி கிட்டத்தட்ட மூன்று பாகை மேற்கே இருப்பதால், அதன் சொந்த நேரம் கடிகாரத்தைவிட 11½ நிமிடம் பின்னால். பூமி சூரியனைச் சுற்றும் வேகம் ஆண்டு முழுவதும் சீராக இல்லாததும் பூமியின் அச்சு சாய்ந்திருப்பதும் சேர்ந்து இதை மேலும் அசைக்கின்றன. பிப்ரவரி நடுவில் வந்தவாசியில் சூரியன் உச்சிக்கு வரும்போது கடிகாரம் சுமார் 12.26 காட்டும்; நவம்பர் தொடக்கத்தில் சுமார் 11.55. பன்னிரண்டு மணி அடிக்கும்போது உச்சிப்பொழுதாக இருக்கும் நாட்கள் அந்த ஊரில் ஆண்டில் ஒரு சிலவே.

உத்தரவால் நகர்ந்த முள்

பொது நேரம் வந்தபின், முள்ளை நகர்த்த ஓர் அரசாணை போதும் என்றாயிற்று. இரண்டாம் உலகப் போரில் வெளிச்சத்தையும் எரிபொருளையும் மிச்சப்படுத்த, 1942 செப்டம்பர் 1 முதல் 1945 அக்டோபர் 15 வரை இந்தியா முழுவதும் கடிகாரம் ஒரு மணி முன்னே ஓடியது. காலை ஆறு மணி என்று கடிகாரம் சொன்னபோது வந்தவாசியில் வானம் இன்னும் கறுத்திருந்தது. 1942-இல் ஜப்பானியர் பிடித்த சிங்கப்பூரிலும் மலாயாவிலும் முள் ஒன்றரை மணி நேரம் பாய்ந்து டோக்கியோ நேரத்துக்குப் போனது. அங்கிருந்த தமிழ்த் தோட்டத் தொழிலாளர்களுக்கும் விடிவதற்கு வெகுமுன்பே ‘காலை’ வந்தது.

இலங்கையில் இது அண்மைக் காலத்திலேயே நடந்தது. வறட்சியால் மின்தட்டுப்பாடு வந்தபோது 1996 மே 25 அன்று அரசு கடிகாரத்தை ஒரு மணி முன்னே தள்ளியது. அதே ஆண்டு அக்டோபர் 26 அன்று அதில் அரை மணியைத் திருப்பிக் கொடுத்தது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் இந்த மாற்றத்தை ஏற்கவில்லை. பழைய நேரத்திலேயே இருந்தன. சோதனைச்சாவடியைக் கடந்தால் கைக்கடிகாரத்தைத் திருப்ப வேண்டியிருந்தது. 2006 ஏப்ரல் 15 அன்று தீவு முழுவதும் மீண்டும் 5½ மணிக்கே திரும்பியது. பத்தாண்டு காலம் யார் ஆட்சி என்பதைக் கடிகாரம் காட்டியது.

கதைக்குள் வந்த கருவி

பழைய கதையில் காலம் வேறு விதமாக நகர்ந்தது. தன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போன ககுத்மி மன்னன், அங்கே இசை முடியும்வரை சற்றே காத்திருந்தான். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன என்கிறது பாகவத புராணம். மனதில் வைத்திருந்த மாப்பிள்ளைகள் மட்டுமல்ல, அவர்கள் பேரன்களின் பேரன்களும் இல்லை. கடைசியில் ரேவதி பலராமனை மணந்தாள். இந்தக் கதையில் காலம் இடத்துக்கு இடம் வேறாக ஓடுகிறது. ஆனால் அதை ஓட்டுவது மனிதன் இல்லை. ககுத்மி திரும்பிப் போகவும் முடியாது.

வெல்ஸின் இயந்திரத்தில் ஆள் ஏறி உட்கார்ந்து நெம்புகோலைத் தள்ளுகிறான். அவன் முன்னால் முகப்புத் தட்டுகள் இருக்கின்றன: ஒன்று நாட்களைக் காட்டும், மற்றொன்று ஆயிரக்கணக்கான நாட்களை, இன்னொன்று பத்து லட்சக்கணக்கில். காலப் பயணத்தின் தூரத்தைக் கடிகார முகப்பில் படிக்கலாம் என்ற எண்ணம், வாஷிங்டன் மாநாடு முடிந்து பதினோரு ஆண்டுகளில் வந்தது தற்செயல் ஆகாது. உலகம் முழுவதையும் ஒரே கடிகாரத்தில் கட்டிய தலைமுறைதான், அந்தக் கடிகாரத்தைப் பின்னோக்கி ஓட்டினால் என்ன என்றும் கேட்டது.

தமிழ்ப் பார்வையாளர்களுக்கு அந்தக் கருவி முதலில் மொழிமாற்றப் படங்களில் அறிமுகமானது. சிங்கீதம் சீனிவாசராவ் 1991-இல் தெலுங்கில் எடுத்த ‘ஆதித்யா 369’ தமிழில் ‘அபூர்வ சக்தி 369’ ஆக வந்தது. அதன் இயந்திரம் ஆட்களைக் கிருஷ்ணதேவராயர் காலத்துக்கும் 26ஆம் நூற்றாண்டுக்கும் கொண்டுபோனது. 2015-இல் ஆர். ரவிக்குமார் இயக்கிய ‘இன்று நேற்று நாளை’ படத்தில் 2065-இலிருந்து ஓர் இயந்திரம் 2015-க்கு வந்து சேர்கிறது. அதைக் கண்டெடுக்கும் இருவர் முதலில் செய்வது ஜோதிடத் தொழில். காணாமல் போன பொருள் எங்கே என்று வருபவர்களுக்கு, கடந்த காலத்துக்குப் போய்ப் பார்த்துவந்து துல்லியமாகச் சொல்கிறார்கள். நாழிகைக் கணக்கரும் பஞ்சாங்கக்காரரும் இருந்த நாற்காலியில்தான் தமிழ்ப் படத்தின் கால இயந்திரமும் உட்கார்ந்தது.

2016-இல் விக்ரம் குமார் இயக்கத்தில் சூர்யா நடித்த ‘24’ படத்தின் கருவி ஒரு கைக்கடிகாரம். அது காலத்தை உறையவைக்கும். முன்னும் பின்னும் ஒரு நாளுக்குள் நகர்த்தும். கதையின் முடிச்சே அந்த 24 மணி நேர வரம்பில்தான் இருக்கிறது. 2021-இல் வெங்கட் பிரபுவின் ‘மாநாடு’ ஒரே நாளை மீண்டும் மீண்டும் சுழலவிட்டது. 2022-இல் வந்த ‘கணம்’ இறந்த தாயைப் பார்க்க மகனைப் பழைய ஆண்டுக்கு அனுப்பியது. 2023-இல் ஆதிக் ரவிச்சந்திரனின் ‘மார்க் ஆண்டனி’யில் கருவி ஒரு தொலைபேசி, ஆள் போவதில்லை, குரல் மட்டும் போகிறது. பெரிய இயந்திரம், கைக்கடிகாரம், தொலைபேசி என்று வடிவம் மாறினாலும், ஒவ்வொன்றுக்கும் ஒரு விதி இருக்கிறது; அந்த விதியை மீறும்போது கதை நடக்கிறது.

திருத்தக் கணக்கு

திரைக்கு வெளியே, நேரத்தைத் திருப்பும் வேலை ஜாதகம் கணிப்பவர் மேசையில் அன்றாடம் நடக்கிறது. மருத்துவமனை தரும் பிறந்த நேரம் இந்தியப் பொது நேரத்தில் இருக்கும். லக்னம் கணிக்க வேண்டியது ஊரின் சொந்த நேரத்துக்கு. எனவே வந்தவாசியில் பிறந்த குழந்தைக்குக் கடிகார நேரத்திலிருந்து 11½ நிமிடத்தைக் கழிக்கிறார்கள். லக்னம் ஒரு பாகை நகர நான்கு நிமிடம் என்பதால் இந்தத் திருத்தம் ஏறக்குறைய மூன்று பாகை. ராசியின் விளிம்பில் பிறந்தவருக்கு லக்னமே மாறிவிடும். 1942 செப்டம்பருக்கும் 1945 அக்டோபருக்கும் இடையில் பிறந்தவர் என்றால், கூடவே போர்க்கால ஒரு மணியையும் கழிக்க வேண்டும். 1906-க்கு முந்தைய பழைய ஜாதகம் கையில் வந்தால், எழுதியவர் நாழிகையில் எழுதினாரா, உள்ளூர் மணியிலா, சென்னை நேரத்திலா என்று முதலில் கேட்டறிய வேண்டும்.

ராகுகாலத்தில் இந்தத் திருத்தம் பெரும்பாலும் கைவிடப்பட்டது. உதயம் முதல் அஸ்தமனம் வரையான பகலை எட்டாகப் பகுத்து அதில் ஒரு பங்கை எடுப்பதே மூல முறை. சூரியன் காலை ஆறுக்கு உதித்து மாலை ஆறுக்கு மறைவதாக வைத்துக்கொண்டு, நாள்காட்டித் தாள்களில் திங்களுக்கு 7.30 முதல் 9 வரை என்று நிலையாக அச்சிடுகிறார்கள். வந்தவாசியில் ஜனவரி நடுவில் சூரியன் ஆறரை மணிக்குப் பிறகுதான் உதிக்கிறது. ஜூன் தொடக்கத்தில் ஆறு அடிக்கக் கால் மணி இருக்கும்போதே உதித்துவிடுகிறது. அச்சடித்த ராகுகாலம் அரை மணி வரை தள்ளிப்போகும் நாட்கள் உண்டு. கணக்குப் பார்ப்பவர்கள் அன்றைய உதயத்தை எடுத்துக்கொண்டு தாங்களே பகுத்துக்கொள்கிறார்கள். மற்றவர்களுக்குத் தாளில் உள்ளதே நேரம்.

இன்று இந்தியப் பொது நேரத்தைப் புதுதில்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் அணுக்கடிகாரங்கள் காக்கின்றன. கைபேசி தன் நேரத்தைத் தானாகவே சரிசெய்துகொள்கிறது. வந்தவாசியும் ஆரணியும் இப்போது நாட்டின் மற்ற ஊர்களோடு விநாடி பிசகாமல் ஒரே நேரத்தில் இருக்கின்றன. நெசவாளிக்கும் பாய் முடைபவருக்கும் கூலி இன்னும் பெரும்பாலும் உருப்படிக்குத்தான்.